செட்யுலஸுக்குச் சீட்டு எழுதுவது யார்?

எங்கள் அலுவலக விதிப்படி, ஆங்கிலக் கடிதத்தில் அருஞ்சொல் இருந்தால் அதன் பொருளும் உச்சரிப்பும் எழுதிய சீட்டை, அதற்கென நியமிக்கப்பட்ட குமாஸ்தா இணைக்க வேண்டும். சீட்டு இணைந்த ஏழு நாளில் மேலதிகாரி முடிவு சொல்ல வேண்டும். விதியின் முதல் பாதியை மகாராஜா காலத்து மைசூரில் ஒரே ஒருவர் மதித்தார். இரண்டாம் பாதியை ஒருவரும் மதிக்கவில்லை.

சீட்டு எழுதும் குமாஸ்தாவான அந்த ஒருவருக்கு நாங்கள் வைத்த பெயர் டிக்ஷனரி. அவரைப் போல ஆங்கிலம் உச்சரிக்க இங்கிலாந்திலேயே ஆள் கிடையாது. அகராதியை விரித்து வைத்துக்கொண்டுதான் சாப்பிடுவார். ரசக்கறை இல்லாத பக்கம் அவர் இன்னும் படிக்காத பக்கம்.

தசரா விருந்தினர் கூடாரத்துக்கு உணவுப்பொருள் வாங்க எங்கள் கன்னடக்கார சூப்பரின்டெண்ட் உத்தரவு எழுதி, உணவுப்பொருளுக்கான ஆங்கிலச் சொல்லை எழுத்துக்கூட்டியபடியே ‘விக்சுவல்ஸ்’ என்று உரக்க வாசித்தார். டிக்ஷனரி எழுந்து நின்றார்.

“சார், அது விட்டில்ஸ்.”

“ஏன்ரீ, அரிசி பருப்பு வாங்க நாக்குக்குப் பரீட்சையா?”

“ஒரே ஒரு தரம் சொல்லிடுங்கோ சார். சீட்டை இப்பவே வெச்சுடறேன்.”

எல்லோர் முன்னாலும் சூப்பரின்டெண்ட் சொன்னார். அதை அவர் கடைசிவரை மன்னிக்கவில்லை.

வேலை முடிந்து சீமைக்குக் கிளம்பிய வெள்ளைக்கார இன்ஜினீயர் போகிற போக்கில் ஒரு வரி எழுதிவிட்டுப் போனார்: ‘டிக்ஷனரி செட்யுலஸான மனிதர், தலைமைக் குமாஸ்தா ஆக்கலாம்.’ எங்கள் அலுவலகத்தில் தலைமைக் குமாஸ்தாவுக்குத்தான் தசரா தர்பாரில் நிற்க இடம். ஓய்வுபெற ஒரு வருஷம்கூட இல்லாத டிக்ஷனரி, மறுநாளே தர்பாருக்குக் கட்டும் மைசூர்த் தலைப்பாகை, ஜரிகைப் பேட்டா, வாங்கிவிட்டார்.

சூப்பரின்டெண்ட் கேட்டார்: “அருஞ்சொல் இருக்கே, சீட்டு எங்கே?”

“சீட்டு எழுதறவர் அவர்தானே சார்!” என்றேன் நான்.

“தன்னைப் பத்தின குறிப்புக்குத் தானே அர்த்தம் எழுதக் கூடாதுரீ.”

அகராதியைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். “விடாமல் கருத்தாக உழைக்கிறவர்னு போட்டிருக்கு, பாருங்க!”

“புத்தகத்துக்குக் கையெழுத்துப் போடற அதிகாரம் உண்டா?”

அகராதியைப் படாரென்று மூடினேன். டிக்ஷனரியோ, “விதி சரிதானேய்யா. ஆனா நம்ம சூப்பரின்டெண்ட் அதை ‘செடூலஸ்’னு சொல்றாரே, அதைத்தான் தாங்க முடியலே” என்றார்.

விளக்கம் கேட்டு மேலிடத்துக்குக் கடிதம் போயிற்று. தபால் பதிவு குமாஸ்தாவான நான், யாரும் சொல்லாமலே ஆறு நினைவூட்டல் அனுப்பினேன். தசராவும் வந்து போயிற்று. தர்பார் அன்று டிக்ஷனரி, தலைவலி என்று வீட்டிலேயே இருந்துவிட்டார். அவருக்குத் தலைவலி வந்து நான் பார்த்ததே இல்லை.

பதில் ஒருவழியாக வந்தது. ‘இச்சொல்லின் பொருளைத் தங்கள் அலுவலகத்தில் அதற்கென நியமிக்கப்பட்ட குமாஸ்தாவிடம் கேட்டுக்கொள்ளவும்.’ அவர் மேஜைப் பக்கம் திரும்பினேன். துடைத்து, காலியாக இருந்தது. எத்தனையோ ஆயிரம் தபாலுக்கு வரவுத் தேதி போட்ட கை, அன்றைய தேதியை எழுத மறுத்தது: அவர் ஓய்வுபெற்ற மறுநாள்.