அறுபது அம்பும் இருப்பில் உள்ளன

வியாழக்கிழமை, காலை பதினோரு மணி

அன்பும் பொறுமையும் நிறைந்த மைத்துனருக்கு,

உங்கள் அக்காவின் கணவன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உங்கள் அக்காவும் நலமாக இருக்கிறோம். அங்கே நீங்களும், தங்கையும், பரீட்சை எழுதிக்கொண்டிருக்கும் நம் வாண்டும் நலமாக இருக்க வேண்டும். இந்தக் கடிதத்தைப் படித்து முடித்த பிறகும் அப்படியே இருக்க வேண்டும் என்பது என் தனிப்பட்ட வேண்டுதல். போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் நீங்கள் ஸ்பீக்கரில் போட்டுப் பேசுகிறவர், வாண்டுக்கோ பாம்புக் காது. அதனால்தான் கடிதம். எங்கள் மாடிவீட்டில் குடியிருக்கும் லிஃப்ட் மெக்கானிக் நாளைக்கு உங்கள் ஆபீஸ் கட்டடத்துக்கு வேலையாக வருகிறார், அவரே நேரில் கொடுப்பார். அவரிடம் எதுவும் கேட்டுத் துளைக்க வேண்டாம். அவருக்கு எல்லாம் தெரியும், ஆனால் சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறார்.

நேராக விஷயத்துக்கு வருகிறேன். சனிக்கிழமை வந்து கேம் பெட்டியை எடுத்துப்போவதாகச் சொல்லியிருக்கிறீர்கள். தயவுசெய்து ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். ஒரே ஒரு நாள் தள்ளி வாருங்கள், அவ்வளவுதான். ஏன் என்று கேட்க மாட்டீர்கள் என்றால் கடிதத்தை இங்கேயே மடித்துவிடுவேன். கேட்பீர்கள். உங்கள் குடும்பமே கேட்கிற குடும்பம், உங்கள் அக்காவோடு முப்பத்தோரு வருடமாக இருக்கிறேன், எனக்குத் தெரியாதா.

இரண்டு மாதத்துக்கு முன்னால் நீங்கள் அந்தப் பெட்டியைப் போர்வையில் சுற்றிக்கொண்டு வந்து, "அத்தான், பரீட்சை முடியற வரைக்கும் இது உங்க பொறுப்பு, வீட்டுல இருந்தா அவ படிக்க மாட்டா" என்று சொல்லிக் கொடுத்தபோது, நான் எவ்வளவு பெருமைப்பட்டேன் என்று உங்களுக்குத் தெரியாது. பஸ் டிப்போவில் முப்பத்துநாலு வருடம் உதிரிபாக ஸ்டோர் கீப்பராக இருந்தவன். சீட்டு இல்லாமல் ஒரு போல்ட் என் கையை விட்டு வெளியே போனதில்லை. அன்றைக்கே நோட்டு எடுத்து, பெட்டி ஒன்று, வயர் இரண்டு, கன்ட்ரோலர் ஒன்று, போர்வை ஒன்று (ஓரத்தில் கிழிசல்) என்று எழுதி அலமாரியில் வைத்துப் பூட்டினேன். ஒரு மாதம் அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஆனால் மாப்பிள்ளை, எங்கள் டிப்போவில் ஒரு வழக்கம் உண்டு. கரண்டில் ஓடுகிற எந்தச் சாமானும் சும்மாக் கிடந்தால், மாதம் ஒருமுறை எடுத்து ஓட்டிப் பார்த்துவிட்டுத்தான் திரும்ப வைக்க வேண்டும். இல்லாவிட்டால் எடுக்கிற அன்றைக்குச் செத்துப்போயிருக்கும். அதைத்தான் செய்தேன். டிவியில் மாட்டினேன், போட்டேன், ஓடியது, அணைக்கப் போனேன். அதற்குள் திரையில் ஏதோ கேட்டது. கேட்கிற மெஷினுக்குப் பதில் சொல்லாமல் போவது மரியாதை இல்லையே என்று ஒரு பட்டனை அழுத்தினேன். சனி அங்கேதான் பிடித்தது.

பெரிய கறுப்புக் கோட்டை, அதன் வாசலில் ஒரு பெண், பக்கத்தில் வெள்ளைக் குதிரை. அந்தப் பெண் முதுகில் வில்லும் இடுப்பில் வாளுமாக அசையாமல் நிற்கிறாள். இன்னொரு பட்டனை அழுத்தினால் அவளுடைய மூட்டை திறக்கிறது. பழக்க தோஷம், உடனே நோட்டை எடுத்து அதையும் குறித்துக்கொண்டேன்: அம்பு அறுபது, மருந்துக் குப்பி பன்னிரண்டு, நெருப்புக் குண்டு ஒன்பது, நீலமாக மின்னுகிற இடிவாள் ஒன்று, குதிரை ஒன்று. இந்த ஒரு காரியத்தை நான் செய்திருக்காவிட்டால் இன்றைக்கு நாங்கள் நடுத்தெருவில் நிற்போம். அந்தச் சமயம் பார்த்து உங்கள் அக்கா டீயோடு வந்தாள். பார்த்ததும், "ஐயோ பாவம், இந்தப் பொண்ணு எவ்வளவு நேரமா நிக்குது, உக்கார வைங்க" என்றாள். உட்கார எந்தப் பட்டன் என்று எனக்கு எப்படித் தெரியும். ஒன்றை அழுத்தினேன், அம்பு போனது. இன்னொன்றை அழுத்தினேன், அம்பு கொத்தாகப் போனது. "குடுங்க இப்படி" என்று அவள் பிடுங்கினாள். கோர்ட்டில் முப்பது வருடம் டைப் அடித்த கை, விசைப்பலகையைப் பார்க்காமலே அடிக்கிற கை, பத்து விரலும் ஒரே நேரத்தில் இறங்கியது. அந்தப் பெண் தன் காலடியிலேயே ஒன்பது குண்டையும் போட்டுக்கொண்டு, எரிந்து, குப்பி குடித்து, மறுபடி எரிந்து, மறுபடி குடித்தாள். ஒரு அம்பு குதிரையின் பின்பக்கம் பட்டது. அது போன போக்கை இன்று வரை நிறுத்தவில்லை.

பிளக்கைப் பிடுங்கினால் எல்லாம் பழையபடி ஆகிவிடும் என்று நினைத்தேன். மறுபடி போட்டுப் பார்த்தால் நஷ்டம் அப்படியே இருக்கிறது. அந்தப் பெட்டி நாம் செய்கிற ஒவ்வொன்றையும் உடனுக்குடன் எழுதி வைத்துக்கொள்கிறது மாப்பிள்ளை. இவ்வளவு கறாரான ஸ்டோர் கீப்பரை நான் என் சர்வீஸில் பார்த்ததில்லை. சரி, வாளாவது மிஞ்சியதே என்று இருந்தால், "புகை பட்டு மங்கிப் போச்சு, சாணை பிடிச்சு வெச்சுடலாம்" என்று உங்கள் அக்கா அந்தப் பெண்ணை நடத்தியே ஒரு கொல்லன் பட்டறைக்குக் கூட்டிப்போனாள். அந்தக் கொல்லன் வாளை வாங்கி உடைத்து, இரண்டு இரும்புத் துண்டாகக் கையில் கொடுத்தான். கொடுத்துவிட்டுச் சிரித்தான். உங்கள் அக்கா அவனை என்னவெல்லாம் சொன்னாள் என்று எழுதினால் தபால் சட்டம் அனுமதிக்காது.

அந்தச் சத்தத்துக்குத்தான் மாடிவீட்டு மெக்கானிக் இறங்கி வந்தார். சண்டையை விலக்கிவிட வந்தவர் திரையைப் பார்த்துவிட்டு அப்படியே நின்றார். "இது யாருடைய கேம் சார்?" என்றார். சொன்னேன். சோபாவில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொண்டார். "சார், அந்தக் கதவைத் தாண்டினா கடைசிச் சண்டை. உள்ள போயிட்டா திரும்பி வர முடியாது. அதுக்காக உங்க வீட்டுப் பொண்ணு ஒவ்வொண்ணா சேர்த்து வெச்சுட்டு, சரியா வாசல்ல கொண்டுவந்து நிறுத்தியிருக்கு. பரீட்சை முடிஞ்சதும் முதல் வேலையா இதை முடிக்கணும்னு. ஒரு வருஷ உழைப்பு சார்." உங்கள் அக்கா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். குழந்தை அங்கே இதை நினைத்துக்கொண்டுதானே கணக்குப் போட்டுக்கொண்டிருப்பாள், நம்மை நம்பிக் கொடுத்தாளே என்று நான் நோட்டைப் பிரித்து நஷ்டக் கணக்கு எழுத ஆரம்பித்தேன். அன்றைக்கே முடிவு செய்தோம். எது எது எடுத்தோமோ அது அது, எண்ணிக்கை குறையாமல், அதே வாசலில், பரீட்சை முடிவதற்குள் திரும்ப வைக்க வேண்டும்.

மாப்பிள்ளை, அன்றிலிருந்து இன்று வரை ஒரு மாதம் இந்த வீட்டில் நடப்பதைச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். காலை ஒன்பது மணிக்கு வேலை ஆரம்பம். உங்கள் அக்கா கன்ட்ரோலர், நான் நோட்டு. அம்புக்கு இறகு வேண்டும், இறகுக்குக் கொக்கு வேண்டும், கொக்கு ஏரியில்தான் இருக்கும், ஏரியில் முதலை இருக்கிறது. குப்பிக்குப் பச்சிலை மலைச்சரிவில், அங்கே கொள்ளைக்காரர்கள். "மெதுவா நட, பின்னாடி ஒருத்தன் வர்றான்" என்று நான் கத்துவதும், "தெரியுது, வாயை மூடுங்க" என்று அவள் கத்துவதும் கேட்டு எதிர்வீட்டுத் தையல்காரம்மா எங்கள் வீட்டில் திருடன் புகுந்துவிட்டதாக நினைத்து உலக்கையோடு வந்து நின்றார். இரும்புச் சுரங்கத்தில் ஆள் உயரச் சிலந்தி ஒன்று. அது அந்தப் பெண்ணை இருபத்திரண்டு முறை கொன்றது. பதினாறாவது முறை உங்கள் அக்கா "ஒரு குப்பி குடுங்க, குடிக்கட்டும்" என்றாள். நான் கூடாது என்றேன். பன்னிரண்டு சேர்க்க வேண்டிய இடத்தில் அப்போது ஏழுதான் இருந்தது, அதில் ஒன்றைக் குடித்தால் ஆறாகிவிடாதா. "பொண்ணு செத்துக்கிட்டு இருக்கா, நீங்க குப்பியை எண்ணிக்கிட்டு இருக்கீங்க. இப்படித்தான் டிப்போவுலயும் பஸ்ஸை நிறுத்தி வெச்சிருப்பீங்க" என்றவள் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. கொக்கு வேட்டையைக்கூடச் சைகையிலேயே முடித்தோம்.

ஆனால் ஒன்று சொல்கிறேன், மறைக்காமல் சொல்கிறேன். ரிடையர் ஆகி நாலு வருடமாகக் காலையில் எழுந்ததும் எதற்கு எழுந்தோம் என்று யோசிக்கிறவனாக இருந்தேன். இப்போது ஐந்தரைக்கே விழிப்பு வந்துவிடுகிறது. இவ்வளவு வருடக் குடித்தனத்தில் அவள் வேலைக்கு அவள், என் வேலைக்கு நான் என்றே போய்விட்டது, ஒரு வேலையை இரண்டு பேரும் சேர்ந்து செய்தது இதுதான் முதல் தடவை. இருபத்துமூன்றாவது முறை சிலந்தி மல்லாந்து விழுந்தபோது அவள் என் தொடையில் அடித்த அடி இன்னும் கன்றிப்போய்க் கிடக்கிறது. அதை நான் தடவிக்கூடப் பார்க்கவில்லை, அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

இன்றைய நிலவரம் இது. அம்பு அறுபதும் இருப்பில் உள்ளன. குப்பி பன்னிரண்டும் இருக்கின்றன. குண்டு ஒன்பதும் தயார். இடிவாள் அதே கொல்லனிடம், ஏழு ஓநாய்த் தோலும் சிலந்தியின் நச்சுப்பல்லும் கொடுத்துத் திரும்ப அடித்து வாங்கியாயிற்று. பழையதைவிடப் பளபளப்பாக இருக்கிறது என்று மெக்கானிக்கே ஒப்புக்கொண்டார். குதிரை மட்டும்தான் பாக்கி. ஒரு பழுப்புக் குதிரை கைவசம் இருக்கிறது, ஆனால் வாண்டு கண்ணில் மண்ணைத் தூவ முடியாது. வெள்ளைக் குதிரை அந்த ஊரில் மழை பெய்யும்போது மட்டும்தான் ஏரிக்கரைக்கு வருமாம், அங்கே நாலு நாளாக வெயில் கொளுத்துகிறது. அதற்காகத்தான் அந்த ஒரு நாள் கேட்கிறேன். இன்னொரு சங்கடம், உங்கள் அக்காவுக்குக் கை துறுதுறு என்கிறது. சாமான் எல்லாம் சேரச் சேர, தினமும் அந்தப் பெண்ணைக் கோட்டை வாசலுக்குக் கொண்டுபோய் நிறுத்தி, "ஒரே ஒரு தடவை உள்ள எட்டிப் பாத்துட்டு வந்துடட்டுமா?" என்கிறாள். அது நம் சாமான் இல்லை, காவல் மட்டும்தான் நம்முடையது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். என் பேச்சுக்கு அவள் கட்டுப்பட்டிருக்கிறாள் என்பதைப் பெருமையோடு தெரிவித்துக்கொள்கிறேன்.

ஆகவே ஞாயிறு வாருங்கள். வாண்டிடம் மூச்சு விட வேண்டாம். தங்கைக்கு என் அன்பு. குழந்தை கடைசிப் பரீட்சையையும் நன்றாக எழுதி, நினைத்த படிப்பில் சேர்ந்து, நல்லபடியாக இருக்க வேண்டும். நீங்கள் எல்லோரும் குறையில்லாமல் இருக்க வேண்டும்.

உங்கள் நம்பிக்கைக்கு என்றும் பாத்திரமான,
அத்தான்.

பின்குறிப்பு, மதியம் இரண்டு மணி:

கடிதத்தை முடித்துவிட்டு உறை வாங்க முனைக்கடைக்குப் போனேன். இருபது நிமிடம்கூட ஆகியிருக்காது. திரும்பி வந்தால் சோபாவில் மெக்கானிக், சீருடையோடு, வேலைக்குப் போகாமல் உட்கார்ந்திருக்கிறார். உங்கள் அக்கா எழுந்து நின்று விளையாடிக்கொண்டிருக்கிறாள். நான் கதவைத் தாண்டினதும் அங்கே மழை பிடித்துக்கொண்டதாம். வெள்ளைக் குதிரை வந்ததாம், ஏறினாளாம், வாசலில் கொண்டுவந்து நிறுத்தினாளாம். "எட்டித்தாங்க பாத்தேன். கதவு சாத்திக்கிச்சு."

திட்டுவதற்குத்தான் வாயைத் திறந்தேன் மாப்பிள்ளை. அதற்குள் அந்த அரக்கன் எழுந்தான், மூன்று மாடி உயரம், அந்தப் பெண் அவன் கால்கட்டைவிரல் அளவுகூட இல்லை. என் வாயிலிருந்து என்ன வந்தது தெரியுமா? "குடி, குப்பியைக் குடி. இன்னொண்ணு குடி. குண்டைப் போடு, எல்லாத்தையும் போடு, எதையும் மிச்சம் வைக்காதே." சீட்டு இல்லாமல் ஒரு போல்ட் கொடுக்காதவன் ஒரு மணி நேரத்தில் ஸ்டோரையே காலி செய்துவிட்டேன். அறுபதாவது அம்பு அவன் நெற்றியில் இறங்கியது. விழுந்தான். மெக்கானிக் என்னைத் தூக்கிவிட்டார், உங்கள் அக்கா அழுதாள், நானும் அழுதேன். எந்தப் பதவி உயர்வுக்கும் நான் இப்படிச் சந்தோஷப்பட்டதில்லை.

அதற்குப் பிறகு திரையில் ஏதோ கேட்டது. ஒரு பக்கம் அடித்து முடித்தால் கை தானாக அடுத்த தாளைச் சொருகிவிடும் டைப்பிஸ்ட் அவள். நான் படிப்பதற்குள் அழுத்திவிட்டாள். இப்போது திரையில் அந்தப் பெண் ஒரு ஆற்றங்கரையில் நிற்கிறாள், கதையின் முதல் நாள். மூட்டையைத் திறந்து கணக்கெடுத்தேன்: மரக்குச்சி ஒன்று.

எனவே மேலே கேட்ட ஒரு நாள் அவகாசம் போதாது. மெக்கானிக்கின் மதிப்பீட்டின்படி, மூன்று பேரும் முழுநேரம் உழைத்தால் பதினாலு மாதம் ஆகும். வாண்டுக்கு இதைவிடப் பெரிய பரீட்சை ஏதாவது அடுத்து இருக்கிறதா என்று விசாரித்து, உடனே பதில் எழுதவும்.