துவக்குப் பார்க்கப் போனேன்

எனக்கு மேலே இருக்கிறவர் எதைக் கேட்டாலும், அவர் கேட்டு முடிக்க முதலே என் வாய் "யெஸ்" என்று சொல்லிவிடும். மூளை பிறகு ஆறுதலாக வந்து சேரும். இந்த வியாதியால் ஒருவருடைய பூனையை ஆறு மாதம் வளர்த்திருக்கிறேன். சுருதியே தெரியாமல் அலுவலகக் கிறிஸ்மஸ் பாட்டுக் கோஷ்டியில் நின்றிருக்கிறேன். ஆனால் எல்லாவற்றிலும் மோசம், துவக்கு, அதுதான் துப்பாக்கி, வாங்குவதற்கு ஆலோசனை சொல்லப் போனதுதான்.

அப்போது எனக்கு முப்பத்தொரு வயது. லண்டனில் கட்டட வரைபடம் கீறுகிற ஓர் அலுவலகத்தில் வேலை. மற்றவர்கள் கீறியதில் பிழை பிடிப்பதுதான் என் உத்தியோகம். (வீட்டிலையும் அதே உத்தியோகம்தான் எண்டு மனிசி சொல்லுவா. அதை விடுங்கோ.) எங்கள் மேலாளர் மிஸ்டர் ஹாட்லி, ஆறடி உயரம், அதிகம் பேசமாட்டார். சனிக்கிழமைகளில் கிளப்பில் குறிபார்த்துச் சுடுவார். வருடத்தில் ஒருமுறை ஸ்கொட்லாந்துக்குப் போய் மான் சுடுவார்.

ஒரு திங்கட்கிழமை என் மேசைக்கு வந்தார். "பழைய ரைபிள் ஒன்று விலைக்கு வருகிறது. மானுக்கும் உதவ வேண்டும், இலக்குக்கும் உதவ வேண்டும். எனக்கு ஆசை வந்தால் பிழை கண்ணில் படாது. நீ வந்து பார்த்துச் சொல்."

"யெஸ், மிஸ்டர் ஹாட்லி" என்றேன். துவக்கின் எந்தப் பக்கத்தைப் பிடிப்பது என்றுகூட எனக்குத் தெரியாது.

மறுக்க ஏலாததற்கு இன்னொரு காரணமும் இருந்தது. ஆவணி மாதம் என் தங்கச்சி சுபாவுக்குக் கனடாவில் கல்யாணம். அப்பா இல்லை. தாரை வார்த்துக் கொடுக்க வேண்டியவன் நான். அகதிப் பயண ஆவணத்தோடு கேட்டபோது கனடாக்காரன் விசா இல்லையென்று விட்டான். பிரிட்டிஷ் பாஸ்போர்ட் எடுத்தால்தான் போகலாம். அதற்கு முதலில் குடியுரிமை. அந்தப் படிவத்தில் என்னை மூன்று வருடமாவது தெரிந்த ஒரு பிரிட்டிஷ்காரர் கையெழுத்து வைக்க வேண்டும். எனக்கு அப்படித் தெரிந்தவர்கள் இரண்டே பேர். ஒருவர் மிஸ்டர் ஹாட்லி. மற்றது பக்கத்து வீட்டுக் கிழவி. கருவாட்டு மணத்துக்காக எங்களைப் பற்றிக் கவுன்சிலுக்குக் கடிதம் போட்ட புண்ணியவதி.

"துவக்கோ?" என்றாள் என் மனிசி வதனி. "உங்களுக்கு விசரே? துவக்குக்குப் பயந்து ஓடி வந்தனான் எண்டு கேஸ் எழுதிக் குடுத்த மனிசன், இஞ்சை துவக்குக் கிளப்புக்குப் போறாராம்! ஹோம் ஒபிஸ் கேட்டா என்ன சொல்லுவியள்?"

"சும்மா பார்த்திட்டு வாறன். ஒண்டிலையும் கையெழுத்து வைக்கமாட்டன். சத்தியமா."

"ஏலாது எண்டு சொல்லுங்கோவன்."

"சொன்னா அவர் போர்மிலை சைன் வைப்பாரே?"

அவள் குசினிக்குள் போய்ச் சட்டியை "டங்" என்று அடுப்பில் வைத்தாள். அது ஏச்சை விட மோசம்.

அந்தக் கிழமை முழுக்க ஹரோ நூலகத்தில் வேட்டைப் புத்தகங்களைப் புரட்டினேன். கொப்பியில் தமிழில் குறித்தேன்: குழலுக்குள் துரு, கறள் இருக்கா, தோளில் வைக்கிற மரச் சோங்கில் வெடிப்பு இருக்கா, விசை இறுக்கமா, மேலே பூட்டின தூரக் கண்ணாடி ஆடுதா. லண்டன் ரயில்களில் குண்டு வெடித்ததற்குப் பிறகு, பை வைத்திருக்கிற கறுத்தத் தலையை எல்லாரும் இரண்டாம் தரம் பார்த்த காலம் அது. பையில் குடியுரிமைப் படிவமும் துவக்குக் கொப்பியும் ஒன்றாகக் கிடந்தன. ஒவ்வொரு ஸ்டேஷனிலும் பொலிஸ் ஏறுகிறதா என்று பார்த்துப் பார்த்து எனக்குக் கழுத்துச் சுளுக்கிவிட்டது.

சனிக்கிழமை மிஸ்டர் ஹாட்லி என்னை ரெய்னர்ஸ் லேன் ஸ்டேஷன் வாசலில் ஏற்றினார். முக்கால் மணி நேர ஓட்டம். வழியில் "ஒரு படிவம், உங்கள் கையெழுத்து..." என்று தொடங்கினேன்; "முதலில் ரைபிள்" என்றார். வீடுகள் முடிந்து வயல் தொடங்கும் இடத்தில் கிளப். பொறுப்பாளர் மார்கரெட், அறுபது வயது அம்மா, ஒரு தாளை நீட்டினார். விருந்தாளிகள் பெயரும் விலாசமும் எழுதி, துவக்கு வைத்திருக்கத் தடை செய்யப்பட்டவர் அல்ல என்று கையொப்பமிட வேண்டுமாம்.

வதனிக்குப் பண்ணின சத்தியம் அந்த மேசையிலேயே போய்ச் சேர்ந்தது. பேனையை வாங்கிக் கையெழுத்து வைத்தேன். என் பெயர் ஒரு துவக்குத் தாளில்! (கடவுளே, இதைப் பைலிலை போட்டு ஆருக்கும் அனுப்பாதேங்கோ அம்மா.)

விற்கிறவர் கொலின். தேன் தடவின குரல். ரைபிளைச் சுடுகிற இடத்து மேசையில் வைத்து, உள்ளே குண்டு இல்லையென்று திறந்து காட்டினார். காதுக்கு மூடி தந்தார்கள். நான் கொப்பியை விரித்து வைத்துக்கொண்டு குழலுக்குள் பார்த்தேன். இருட்டாக இருந்தது. "ம்ம்" என்றேன். விசையைத் தட்டினேன். "ம்ம்ம்" என்றேன். மிஸ்டர் ஹாட்லி மரியாதையாகத் தலையாட்டினார். அதற்கு மேல் எனக்குச் சரக்கு இல்லை. பதற்றத்தில், போன மாதம் பழைய கார் வாங்கியபோது கேட்ட கேள்விகள் தானாக வந்தன.

"இதுக்கு முதல் எத்தனை பேர் வைத்திருந்தார்கள்? விபத்து ஏதும்?"

கொலின் ஏதோ சொன்னார். கேட்கவில்லை. ஒரு பக்கத்துக் காதுமூடியைக் கழற்றினேன். அந்த நேரம் பார்த்துப் பக்கத்தில் நின்றவர் சுட்டார்.

யாழ்ப்பாணத்தில் எங்களுக்குப் பள்ளிக்கூடத்தில் ஒன்று படிப்பித்தார்கள். சத்தம் கேட்டால் குப்புற விழு. முழங்கையை ஊன்று, நெஞ்சு நிலத்தில் முட்டக்கூடாது. காதைப் பொத்து. வாயைத் திற. பக்கத்தில் ஆராவது நின்றால் அவரையும் இழுத்து விழுத்து. படித்த மற்ற எல்லாம் மறந்துபோச்சு, இது மட்டும் மறக்கவில்லை.

மிஸ்டர் ஹாட்லியின் கோட்டைப் பிடித்து இழுத்தேன். ஆறடி மனிதர் சரிந்தார். அவர் கையிலிருந்த சூடான கோப்பி அவருடைய நெஞ்சில் கொட்டியது. மேசை ஆடியது. ரைபிள் உருண்டு கொங்கிறீற் தரையில் "டமார்" என்று விழுந்தது. அதோடு விட்டேனா? அவர் வாயை இறுக்க மூடிக்கொண்டு கிடந்ததைக் கண்டு, "வாயைத் திறவுங்கோ! ஐயோ, வாயைத் திறவுங்கோ!" என்று தமிழில் கத்தினேன். திறந்தார். திகைப்பில்தான்.

மார்கரெட் எல்லாரையும் சுடுவதை நிறுத்தச் சொன்னார். சிவப்புக் கொடி ஏறியது. பன்னிரண்டு துவக்குக்காரர் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். தரை அப்படியே பிளந்து என்னை விழுங்கினால் நல்லது போலிருந்தது.

கொலின் ரைபிளைத் தூக்கினார். சோங்கில் ஒரு வெடிப்பு. "உன் ஆள் உடைத்துவிட்டான், ஹாட்லி. இனி நீதான் வாங்க வேண்டும்."

மிஸ்டர் ஹாட்லி சட்டையைத் துடைத்துக்கொண்டு நின்றார். என்னைப் பார்க்கவே இல்லை. முடிந்தது கதை என்று நினைத்தேன். படிவம் போச்சு, பாஸ்போர்ட் போச்சு. சுபாவை ஆரோ ஒரு ஒன்றுவிட்ட மாமா தாரை வார்ப்பார். நான் ஹரோவில் இருந்து கொண்டு டெலிபோனில் மேளம் கேட்பேன்.

முழங்காலில் நின்றபடியே அந்த வெடிப்பைப் பார்த்தேன். பிழை பிடிக்கிற கண் பாழாய்ப்போனது, அந்த நேரத்திலும் சும்மா இருக்காது. புதிதாக உடைந்த மரம் உள்ளே வெள்ளையாக அல்லவா இருக்க வேண்டும்? இதற்குள் மஞ்சளாகப் பழைய பசை. பசைக்கு மேலே ஊத்தை.

"மிஸ்டர் ஹாட்லி," என் குரல் எலிக்குஞ்சு மாதிரி வந்தது. "இது இப்போது உடைந்ததில்லை."

மார்கரெட் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நகத்தால் சுரண்டினார். காய்ந்த பசை பொருக்காக உதிர்ந்தது. "கொலின்," என்றார், "ஏதோ ஒன்றைப் படியில் போட்டேன் என்று போன வருடம் சொன்னாயே, அது இதுதானா?"

கொலினின் குரலில் இருந்த தேன் வற்றிப்போயிற்று.

ரைபிளை வாங்காமலே திரும்பினோம்; காருக்குள் மிஸ்டர் ஹாட்லியின் சட்டை கோப்பி மணத்தது. படிவம் மடியில் பைக்குள் கிடந்தது. எடுக்கத் துணிவு வரவில்லை. ரெய்னர்ஸ் லேனில் காரை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

"அப்படி விழ எங்கே பழகினாய்?"

"பள்ளிக்கூடத்தில்."

"எத்தனை வயதில்?"

"பன்னிரண்டு."

மழை துடைப்பானை நிறுத்தினார். "எனக்கு என்னவோ கத்தினாயே?"

"வாயைத் திறக்கச் சொன்னேன். செவிப்பறை வெடிக்காமல் இருக்க."

தலையாட்டினார். பிறகு கையை நீட்டினார். "ஏதோ படிவம் என்றாயே, கொண்டா."

ஸ்டியரிங்கில் வைத்துக் கையெழுத்திட்டார். வீடு வரை நடந்து போகையில் எனக்கு அழுகை வந்தது. வெட்கமா, நிம்மதியா என்று இன்றைக்கும் தெரியாது.

பாஸ்போர்ட் கல்யாணத்துக்குப் பதினொரு நாள் இருக்க வந்தது. ரொறொன்ரோ மண்டபத்தில் பட்டு வேட்டியோடு சுபாவைத் தாரை வார்த்துக் கொடுத்தேன். தாலி கட்டி முடிந்த கையோடு வீடியோக்காரனின் பெரிய லைற் "படார்" என்று வெடித்தது. வீடியோவில் எல்லாம் தெளிவாக இருக்கிறது. முப்பது வயதுக்கு மேற்பட்ட மண்டபம் முழுக்க ஒரே நேரத்தில் கீழே குனிகிறது, மேளகாரர் உட்பட. அங்கே பிறந்த பிள்ளைகள் மட்டும் கதிரைகளுக்கு நடுவில் நின்று, இந்தப் பெரிய ஆட்களுக்கு என்ன நடந்தது என்று பார்க்கிறார்கள். எல்லாருக்கும் முதல் நிலத்தில் கிடப்பது நான். எனக்குப் பக்கத்தில், தலைப்பாகை கழன்று, நான் இழுத்து விழுத்தின மாப்பிள்ளையின் தகப்பன்.

சுபாவின் பிள்ளைகள், என் மருமக்கள், அந்த இடத்தில் வீடியோவை நிறுத்திக் குனிந்த தலைகளை எண்ணுவார்கள். இதுவரை இரண்டு தரம் ஒரே கணக்கு வந்ததில்லை. சம்பந்தி ஐயா லண்டன் வந்தால் எங்கள் வீட்டில்தான் தங்குவார். தங்கமான மனிசன், என்னில் நல்ல விருப்பம். சாப்பிட இருக்கும்போது மட்டும் கதிரையை இழுத்துக்கொண்டு போய், என் கை எட்டாத தூரத்தில் இருப்பார்.