காணாமல் போன ஒரு நிமிடம்

ஒரு நிமிட மௌனத்தை மோரேஷ்வர் பட்தரே தொலைத்துவிட்டார்.

சினிமாவில் மௌனத்தையும் பதிவு செய்தாக வேண்டும். ஓர் இடத்தில் படப்பிடிப்பு முடிந்ததும் நூறு பேரும் பொம்மையாய் நிற்க, அந்த வீட்டின் வெறும் மூச்சை ஒலிப்பதிவாளர் ஒரு நிமிடம் பிடித்துக்கொள்வார். வசனங்களுக்கு அடியில் பாய்போல் விரிக்க அது வேண்டும். படம் எடுத்த சாத்தாரா மாளிகையில் கடைசி நாளன்று தேங்காய் உடைத்து பேடா கொடுத்தார்கள். மோரேஷ்வர் பேடா வரிசைக்கு ஓடியதில் மௌனம் விட்டுப்போனது.

மாளிகை இப்போது கல்யாண மண்டபம். ஊர் தூங்கும்போதுகூட பேண்டு வாத்தியம் ஓய்வதில்லையாம்.

இயக்குநர் கார்கானீஸோ, எறும்பு தும்மினால் அது ஆணா பெண்ணா என்று சொல்லும் காதுக்காரர் என்று அந்தேரி ஸ்டுடியோக்கள் முழுக்கப் பேச்சு. போன படத்தின் ஒலிப்பதிவாளர் இப்போது வாஷி சந்தையில் வெங்காயம் விற்கிறார். மோரேஷ்வருக்கு வெங்காயம் உரிக்கவே தெரியாது.

"உங்க வீட்டு மௌனத்தப் போடுங்க அண்ணே. யாருக்குத் தெரியப்போவுது?" என்றாள் உதவியாளர் கேதகி.

போட்டார். கார்கானீஸ் வழக்கம்போல் திரைக்கு முதுகு காட்டி, மோரேஷ்வரைப் பார்த்து உட்கார்ந்தார். எதிராளியின் முகத்தை முறைத்துக்கொண்டே இருப்பது அவர் பழக்கம். அதிலேயே பாதிப் பேருக்கு நாக்கு உலர்ந்துவிடும்.

"வேணாம் மோரு. எங்கயோ பொய் இருக்கு."

மோரேஷ்வர் திருட்டு முழி முழித்தார்.

அடுத்து ஒரு வங்கியின் லாக்கர் அறைக்கு மைக்கோடு போனார். காவலாளி பிடித்து, போலீஸ் நிலையத்தில் நான்கு மணி நேரம். கிடைத்த மௌனத்தை ஒலிக்கவிட்டபோது அவர் சட்டை வியர்வையில் பிழிகிற அளவுக்கு நனைந்திருந்தது.

"இது இன்னும் பெரிய பொய்," என்றார் கார்கானீஸ்.

மூன்றாவதாக, பிணவறை. அங்கே இருந்தவர்கள் பூரணமாக ஒத்துழைத்தார்கள். ஆனால் அதை ஒலிக்கவிடும்போது மோரேஷ்வரின் விரல் பொத்தானை எட்டுத் தடவை அழுத்தியது.

"நாளைக்கு அசல் வரணும். இல்லன்னா நீ வர வேணாம்."

மறுநாள் மோரேஷ்வர் ராஜினாமாக் கடிதத்தை எழுதிப் பையில் வைத்தார். இரண்டு தட்டு மிசல் சாப்பிட்டார். இனி என்ன பயம்? ஒலியை முழுக்க மூடிவிட்டுப் படத்தை மட்டும் ஓடவிட்டு, நாற்காலியில் சாய்ந்து ஏப்பம் விட்டார்.

கார்கானீஸின் கண் கலங்கியது. "இதுதான்யா அந்த வீடு. இத்தனை நாளா எங்க ஒளிச்சு வெச்சிருந்தே?" என்று கட்டிக்கொண்டார்.

கடிதத்தைச் சுக்கலாகக் கிழித்தபடி கீழே வந்த மோரேஷ்வர், இயக்குநரின் டிரைவர் தத்தூவுக்கு டீ வாங்கிக் கொடுத்தார்.

"தத்தூ, நான் ஒண்ணுமே போடல. ஒண்ணுமே. அந்தக் காதுக்கு எப்படி அது பிடிச்சுது?"

தத்தூ டீயைத் தட்டில் ஊற்றி ஆற்றினான்.

"காதா? அது போயி நாலு வருஷமாச்சு அண்ணே. சாஹேப் உங்க மூஞ்சியப் பார்த்துத்தான் சரியா தப்பான்னு சொல்றாரு."