லிங்கன் ஒரகடத்தில் முழுமையடைந்த வரலாறு

ஆபிரகாம் லிங்கன் கென்டக்கியில் ஒரு மரக்குடிசையில் பிறந்தார் என்று புத்தகங்கள் சொல்கின்றன. பிறந்திருக்கட்டும். ஆனால் அவர் ஆரம்பித்த வேலை முழுமையடைந்தது ஒரகடத்தில், எங்கள் கம்பெனியின் பைக் ஷெட்டில்தான். இது வெள்ளை மாளிகைக்கு இன்னும் தெரிவிக்கப்படவில்லை. கேட் செக்யூரிட்டி என்ற முறையில் அந்தக் கடமையை நான் ஏற்கிறேன். பதிவேட்டின்படி எனக்கு வயது ஐம்பத்தெட்டு. ஒன்பது வருடமாக ஐம்பத்தெட்டு. ஆகவே என் சொல்லை நீங்கள் நம்பலாம்.

கார்களுக்கு வயர் கட்டுகள் செய்கிற கம்பெனி எங்களுடையது. முதலாளிகள் அமெரிக்காவில். அங்கிருந்து இரண்டு விருந்தினர்கள் பிப்ரவரி பன்னிரண்டாம் தேதி வருவதாக மெயில் வந்தது. அன்று லிங்கன் பிறந்தநாள். ஹெச்.ஆர். ராஜசேகர் சார் உடனே ‘லிங்கன் விழா உயர்மட்டக் குழு’வை அமைத்தார். குழு பதினோரு முறை கூடி, அந்த மகானின் வாழ்க்கையிலிருந்து பாடங்களை ‘ஏகமனதாக’ எடுத்துக்கொண்டது.

லிங்கன் மொத்தமாக ஒரு வருடம்கூடப் பள்ளிக்கூடம் போனதில்லை. ஆகவே ஐ.டி.ஐ. படித்துவிட்டுச் சம்பள உயர்வு கேட்பது அநாகரிகம். தேர்தலில் தோற்றிருக்கிறார், ஆனாலும் துவளவில்லை. ஆகவே குறைதீர் பெட்டி அகற்றப்பட்டது. ஒரு சிறுமி கடிதம் எழுதியதைப் படித்துத் தாடி வளர்த்தார். இதில் கம்பெனிக்கு என்ன பாடம் என்று தெரியாததால் அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைக்கப்பட்டது.

ராஜசேகர் சாரை உருக்கியது வேறொன்று. கேட்டுக்கே வந்து என்னிடம் சொன்னார்.

“தாத்தா, லிங்கன் முதல்ல எந்த அடிமைங்களுக்கு விடுதலை அறிவிச்சார் தெரியுமா? அவரை எதிர்த்துச் சண்டை போட்ட மாநிலத்துல இருந்தவங்களுக்கு. தன் பக்கம் நின்ன மாநிலத்து அடிமைங்களைத் தொடவே இல்ல.”

“அடேங்கப்பா.”

“நம்ம பாலிசியும் அதானே. அடுத்த கம்பெனிக்காரன் எல்லாரையும் பர்மனென்ட் பண்ணட்டும். நாம எப்பவாவது குறுக்க நின்னிருக்கமா?”

“அப்பால சட்டத்தையே திருத்தி எல்லாரையும் விட வழி பண்ணாருன்னு படிச்சேனே சார்?”

“அதுக்கப்புறம் மூணு மாசத்துல சுட்டுட்டாங்க. பாடம் புரியுதா?”

புரிந்தது. நாடகம் போடுவதென்று முடிவானது. லிங்கனாக பிளான்ட் ஹெட் நம்பிராஜன் சார். லிங்கன் ஆறடி நாலங்குலம், சார் ஐந்தடி இரண்டங்குலம். பாக்கியைப் பேக்கிங் செக்‌ஷன்காரர்கள் அட்டைத் தொப்பியில் ஈடுகட்டினார்கள். அடிமையாக, மூன்றாவது லைனில் வேலை செய்யும் சேரப்பணஞ்சேரி செந்தாமரை. அவள் தனக்கு நடிக்க வராது என்றாள்.

“நடிக்கவே வேணாம்மா,” என்றார் ராஜசேகர் சார். “லைன்ல நிக்கற மாதிரி நில்லு.”

இந்தச் செந்தாமரை ஆறு வருடத்தில் மூன்று முறை பிறந்தவள். இரண்டு வருடத்துக்குள் நானூற்றெண்பது நாள் வேலை பார்த்த தொழிலாளியை நிரந்தரமாக்க வேண்டும் என்று சட்டம் இருக்கிறது. எங்கள் கம்பெனி சட்டத்துக்குக் கட்டுப்பட்டது. அதனால்தான் காண்டிராக்ட் ஆட்களுக்கு நானூற்றெழுபதாவது நாளே ‘பிரேக்’ கொடுத்துவிடும். மூன்று மாதம் சம்பளமில்லாத ஓய்வு. பிறகு வேறு காண்டிராக்டர் பெயரில் புது அட்டை, புது நம்பர், முதல் நாள். ஆள் அதே ஆள், இடமும் அதே இடம்.

இந்த முறை ஒரு பிசகு நடந்தது. பிரேக் லிஸ்டில் செந்தாமரை பெயரைச் சேர்த்தால் ஒத்திகையில் சங்கிலியை யார் மாட்டிக்கொள்வது? நாடகம் முடியட்டும் என்று விட்டார்கள். நாள் எண்ணிக்கையை லிங்கன் எல்லோர் கண்ணிலிருந்தும் மறைத்துவிட்டார்.

பன்னிரண்டாம் தேதி காலை ஆறு மணி ஷிப்ட்டுக்கு அவள் வந்தாள். விரல் வைக்கிற மிஷின் முன்னால் நின்றாள்.

“தாத்தா, இன்னிக்கு இன்னா நாள் தெரியுமா?”

“லிங்கன் பொறந்தநாள்.”

“அவரு கெடக்கட்டும். எனக்கு நானூத்தியெம்பது. இதோட நான் பொறக்கவே வேணாம். மூணு தபா பொறந்தது போதும்.”

விரலை வைத்தாள். மிஷின் ஆங்கிலத்தில் நன்றி சொன்னது. “ஆறு வருசமா இங்க எனக்கு தேங்க்ஸ் சொல்ற ஒரே ஆளு இதுதான்,” என்று சொல்லிவிட்டு லைனுக்குப் போனாள்.

பத்து மணிவரை வயர் கட்டினாள். பதினோரு மணிக்கு ஸ்டோரிலிருந்து எடுத்த நிஜச் சங்கிலியோடு மேடையில் நின்றாள். நம்பிராஜன் சார் தொப்பியைப் பிடித்துக்கொண்டு வசனம் பேசினார்.

“பெண்ணே, உனக்கு என்ன வேண்டும்?”

‘சுதந்திரம், ஐயா’ என்பது குழு ஒப்புதல் அளித்த பதில்.

“நானூத்தியெம்பது நாளு ஆயிட்ச்சி சார்,” என்றாள் செந்தாமரை. “பர்மனென்ட் ஆர்டர் குடுங்க.”

ஷெட்டில் பின்வரிசைப் பெண்கள் கைதட்டினார்கள். விருந்தினர்கள் என்னவென்று கேட்டார்கள். “இங்கேயே நிரந்தரமாக இருக்க ஆசைப்படுகிறாள்” என்று ராஜசேகர் சார் ஆங்கிலத்தில் சொன்னார். மொழிபெயர்ப்பில் ஒரு குறையும் இல்லை. விருந்தினர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். லிங்கன் வியர்த்துக்கொண்டே சங்கிலியை வெட்டினார். போட்டோ எடுத்தார்கள்.

சாயங்காலம் குழு பன்னிரண்டாவது முறையாகக் கூடியது. லிங்கனைக் கௌரவிக்கும்பொருட்டு அன்றைய தினம் ‘முன்தேதியிட்டு’ விடுமுறையாக அறிவிக்கப்பட்டது. ஆகவே அன்று யாரும் வேலைக்கு வரவில்லை. இரண்டாயிரத்து முந்நூறு வயர் கட்டுகள் தாமாகவே கட்டிக்கொண்டன. நானும் எழுதிக் கொடுத்தேன்: ‘பன்னிரண்டாம் தேதி கேட்டில் யாரையும் நான் பார்க்கவில்லை. நானும் அங்கே இல்லை.’

மறுநாள் செந்தாமரையின் அட்டைக்குக் கேட் திறக்கவில்லை.

“நாள் முடியலியாம்மா. நானூத்தியெழுபத்தொம்போதுதானாம். இன்னியிலருந்து பிரேக்காம்.”

“அப்போ நேத்து சங்கிலி கட்டிக்கினு நின்னது யாரு?”

“விசாரிக்கணும்.”

அவள் என்னைத் திட்டவில்லை. கேட்டுக்குப் பக்கத்திலேயே ரிசப்ஷன். கண்ணாடி வழியாக உள்ளே பார்த்தாள். காலையில்தான் மாட்டிய பெரிய போட்டோ. அடியில் எழுத்து: ‘எங்கள் தொழிலாளி செந்தாமரை. பிப்ரவரி 12.’ செல்போனை எடுத்தாள்.

“தாத்தா, கொஞ்சம் நவுரு. மறைக்குது.”

நவுர்ந்தேன். என் பணிக்காலத்தில் நான் செய்த ஒரே வீரச்செயல் அது.

பத்து நாள் கழித்து, செந்தாமரை கொடுத்த புகாரோடு தொழிலாளர் துறை அதிகாரி வந்தார். ரிசப்ஷனில் நின்று, கையிலிருந்த படத்தையும் சுவரிலிருந்த படத்தையும் மாறி மாறிப் பார்த்தார். சுவரில் லிங்கன் இருந்தார், தொப்பி இருந்தது. வெட்டிய சங்கிலி காற்றில் தொங்கியது.

“இதுல அடிமை எங்கங்க?”

“ஒழிச்சாச்சு சார்,” என்றார் ராஜசேகர் சார்.

லிங்கனால் அடிமை முறையைத்தான் ஒழிக்க முடிந்தது. நாங்கள் ஆளையே ஒழித்தோம். சாட்சிக் கையெழுத்து என்னுடையது.