எருமையின் பேரினம் அறிந்தவன்

"தெரியாது" என்ற சொல்லை இருபத்து மூன்று வயது வரை நான் வாய்விட்டுச் சொன்னதே இல்லை. சபதம் எதுவும் எடுக்கவில்லை. அதற்கு அவசியம் வரவில்லை என்று நானாக நினைத்துக்கொண்டிருந்தேன். யாராவது வழி கேட்டால், நான் போயிராத ஊருக்கும் வழி சொல்வேன். (அப்படி நான் அனுப்பி வைத்தவர்களில் எத்தனை பேர் போய்ச் சேர்ந்தார்கள் என்பது ஆண்டவனுக்கே வெளிச்சம்.) இந்தக் குணத்துக்கு ஓர் எருமைக் கன்று பலியான கதையைத்தான் சொல்லப் போகிறேன். சிரிக்கத் தோன்றும் இடத்தில் தாராளமாகச் சிரித்துக்கொள்ளுங்கள். எனக்குத்தான் இன்னும் முழுசாகச் சிரிப்பு வருவதில்லை.

எழுபதுகளின் நடுவில் செங்கல்பட்டில் ஒரு கல்லூரியின் விலங்கியல் ஆய்வகத்தில் டெமான்ஸ்ட்ரேட்டராகச் சேர்ந்தேன். மாணவர்களுக்குத் தவளை அறுத்துக் காட்டுவது, செத்த பிராணிகளின் தோலை உரித்துப் பஞ்சடைத்து அலமாரியில் நிறுத்துவது, அதன் கீழே லத்தீன் பெயர் எழுதி ஒட்டுவது, இவ்வளவுதான் வேலை. கல்யாணமாகாதவனுக்குச் செங்கல்பட்டில் யாரும் வீடு தரவில்லை. தேடித் தேடிச் சலித்து, கடைசியில் மாமல்லபுரத்தில் டீக்கடை வைத்திருந்த கரீம் பாயின் வீட்டுப் பின்கட்டில் ஓர் அறை கிடைத்தது. தினமும் திருக்கழுக்குன்றம் வழியாகப் பஸ்ஸில் போய் வருவேன். அறைக்கு ஒரே ஜன்னல். ஜன்னலைத் திறந்தால் சுந்தரி.

சுந்தரி என்பது எருமை. கடையில் ஆற்றிக் கொடுக்கும் டீ அத்தனையும் அவள் புண்ணியம். பாய் கடையைப் பார்த்துக்கொள்வார். சுந்தரியைப் பார்த்துக்கொள்வது அவர் மனைவி ஆமினாக்கா. அந்த வருடம் சுந்தரி சினையாக இருந்தாள். ஆமினாக்காவின் ஒரே மகள் மும்தாஜைப் படாளத்தில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். மாமியார் வீட்டில் கறவை கிடையாது. "எனக்கொரு கன்னு குடும்மா, நானே வளத்துக்கிறேன்" என்று மகள் கேட்டுக்கொண்டே இருந்தாள். "இந்த வாட்டி பொட்டைக் கன்னு போட்டா அது மும்தாஜுக்குத்தான்" என்று ஆமினாக்கா டீ குடிக்க வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிவிட்டார். அதற்கு முந்தைய இரண்டு ஈற்றும் பொட்டைக் கன்றாக இல்லாமல் போனதால், இந்தக் கன்றை வீடே எதிர்பார்த்துக்கொண்டிருந்தது.

நான் எதை எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன் என்றால், என் பேச்சைக் கேட்க ஆள். காலையில் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்ததும் என் வாய் தானாகத் திறந்துகொள்ளும். தெருவில் எது நடந்து போனாலும் அதற்கு வரிசை, குடும்பம், பேரினம், சிற்றினம் சொல்லியாக வேண்டும். ஒரு மாடு கடையோரம் வாழைப்பழத் தோலைத் தின்றுகொண்டிருக்கும். "இது போஸ் இண்டிகஸ். திமில் இருக்கு பாருங்க. சீமை மாட்டுக்குத் திமில் கிடையாது, அது போஸ் டாரஸ்" என்று ஆரம்பிப்பேன். (இரண்டும் ஒரே சிற்றினம்தான் என்று வாதிடும் அறிஞர்களும் உண்டு என்று சேர்த்துக்கொள்வேன். அதற்குள் எல்லோருக்கும் டீ ஆறிப்போயிருக்கும்.)

கண்ணிமையெல்லாம் கல்தூளோடு டீக்கு வரும் சிற்பி ஏழுமலைதான் என் முதல் மாணவர்.

"இன்னா சார், ஆடு கூடவா மாட்டுக் குடும்பம்?"

"ஆமா. ஆடு, செம்மறி, வெளிமான் எல்லாமே போவிடே குடும்பம். கொம்பு உள்ளே கூடு மாதிரி காலியா இருக்கும், கடைசி வரைக்கும் விழாது. புள்ளிமான் இதுல சேராது. அதுக்குக் கொம்பு விழுந்து விழுந்து முளைக்கும்."

"அப்போ காட்டெருமை நம்ம சுந்தரிக்கு அக்கா முறையா?"

"அங்கதான் எல்லாரும் தப்பு பண்றாங்க. காட்டெருமை எருமையே இல்ல. அது போஸ் பேரினம், பசுவுக்குக் கூடப்பிறந்த மாதிரி. சுந்தரி புபாலஸ் பேரினம். பசுவுக்கு ஒண்ணுவிட்ட தங்கச்சின்னு வெச்சுக்குங்க. ஆடு தூரத்துப் பங்காளி."

"பங்காளின்னா சாவுத் தீட்டு உண்டா சார்?"

கடை சிரிக்கும். நானும் சிரிப்பேன். ஆனால் பாய் மட்டும் சிரிக்க மாட்டார். புதிதாக வருகிறவர்களிடம், "நம்ம சாரு காலேஜில மாட்டுக்குன்னே பட்ச்சவரு. மாட்டோட சொந்த பந்தம் மொத்தமும் அவரு கையில கீது" என்று அறிமுகம் செய்துவைப்பார். விலங்கைப் பற்றிப் படித்தவன் விலங்குக்கு வைத்தியமும் பார்ப்பான் என்று கடையில் எல்லோரும் முடிவு கட்டிவிட்டார்கள். நான் படித்தது வேறு, கால்நடை மருத்துவம் வேறு என்று ஒரு வாக்கியத்தில் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அந்த மரியாதை எனக்குச் சுகமாக இருந்தது.

மழை விட்டிருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பதினோரு மணி. ஜன்னலைத் தட்டி ஆமினாக்கா கூப்பிட்டார். "சார், சுந்தரிக்குத் தண்ணிக்கொடம் ஒடஞ்சி போச்சி. கொஞ்சம் வந்து பாருங்க."

போய்ப் பார்த்தேன். சுந்தரி படுப்பதும் எழுவதுமாக இருந்தாள். பின்னால் ஒரு குளம்பு வெளியே தெரிந்தது. ஒன்றே ஒன்று. கரீம் பாய் சைக்கிளைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.

"சார், திருக்கழுக்குன்றம் போயி மாட்டு டாக்டர இட்டாரட்டா? இல்ல, நீங்களே பாத்துக்குறீங்களா?"

என் வாழ்க்கையில் இவ்வளவு தெளிவான கேள்வியை யாரும் கேட்டதில்லை. "போங்க பாய், சீக்கிரம் போங்க" என்று ஒரு வார்த்தை போதும். பெஞ்சில் இருந்த ஏழெட்டுப் பேர் எழுந்து வந்து என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு, "அவசியமில்ல பாய். நான் பாக்கிறேன்" என்றேன். அவர் நிம்மதியாக சைக்கிளைச் சுவரில் சாய்த்தார்.

எனக்கு என்னவெல்லாம் தெரியும் என்று சொல்லிவிடுகிறேன். எருமை இரட்டைக் குளம்பிகள் வரிசை, அசைபோடும் இனம், வயிற்றில் நான்கு அறை, மேல்தாடையில் முன்பல் கிடையாது. கொம்பைக் குறுக்கே வெட்டினால் முக்கோணமாக இருக்கும். நஞ்சுக்கொடி எந்த வகை என்று கேட்டிருந்தால் படமே வரைந்து பாகம் குறித்திருப்பேன். ஆனால் உயிரோடு இருக்கும் ஒரு மாட்டை நான் அதற்கு முன் தொட்டது கூட இல்லை. கன்று வரும்போது இரண்டு முன்னங்காலும் நடுவில் மூக்கும் சேர்ந்து தெரிய வேண்டும் என்பது எந்தக் கிராமத்து மாட்டுக்காரருக்கும் தெரிந்த சங்கதி. எனக்குத் தெரியவில்லை.

அறைக்குப் போய்ப் புத்தகத்தைப் புரட்டினேன். (போவிடே குடும்பத்துக்குப் பதினான்கு பக்கம். பிரசவத்துக்கு ஒரு வரி கூட இல்லை.) திரும்பி வந்து, "இயற்கை தன் வேலையைத் தானே செய்யும், நாம குறுக்கிடக் கூடாது" என்று அறிவித்தேன். ஆமினாக்கா, "போன வாட்டி இந்நேரம் கன்னு எழுந்து நின்னுகினு இருந்திச்சி சார்" என்றார். "ஒவ்வொரு ஈற்றும் ஒவ்வொரு மாதிரி" என்றேன். வெந்நீர் வைக்கச் சொன்னேன். வைத்தார்கள். வெந்நீரை என்ன செய்வது என்று தெரியாததால், ஆறிய பிறகு இன்னொரு முறை வைக்கச் சொன்னேன். இப்படியே இரண்டு மணி நேரம் போனது.

சுந்தரி கத்துவதை நிறுத்தினாள். நான் அதை நல்ல அறிகுறி என்று சொன்னேன்.  ஆமினாக்கா என்னைப் பார்க்கவில்லை. திரும்பி, "ஏழுமல, நீ சைக்கிள எட்த்துகினு போப்பா" என்றார். ஏழுமலை உளியைப் போட்டுவிட்டுப் பறந்தார்.

டாக்டர் வந்ததும் சோப்புப் போட்டுத் தோள் வரைக்கும் கை கழுவினார். உள்ளே கை விட்டதும் முகம் மாறியது.

"தலை பின்னால மடங்கி மாட்டியிருக்கு. எவ்ளோ நேரமா இப்படி இருக்கு?"

"பதினோரு மணிலேந்து" என்றார் ஆமினாக்கா. டாக்டர் கடிகாரத்தைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

"நீங்க யாரு?" என்றார் என்னிடம்.

"விலங்கியல். செங்கல்பட்டு காலேஜ்."

அவர் திரும்பவும் உள்ளே கை விட்டார். தலையை நேராக்கி, கால்களில் கயிறு மாட்டி, பாயையும் ஏழுமலையையும் இழுக்கச் சொன்னார். கன்று வந்தது. மூச்சு இல்லை. வாயைத் துடைத்துப் பார்த்தார், விலாவைத் தேய்த்துப் பார்த்தார். பிறகு எழுந்து, "தாய்க்கு ஒண்ணும் ஆகாது. ரெண்டு மணி நேரம் முந்தி கூப்பிட்டிருந்தா கன்னையும் உயிரோட எடுத்திருக்கலாம்" என்றார். யாரையும் குற்றம் சொல்லும் குரலில் சொல்லவில்லை. குற்றம் சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

ஆமினாக்கா கன்றின் பக்கத்தில் உட்கார்ந்து அதைத் துணியால் துடைத்தார். "பொட்டைக் கன்னுதான்" என்றார். 

அடுத்த சங்கடம் உடனே வந்தது. கன்று இல்லாவிட்டால் சுந்தரி பாலை அடக்கிக்கொள்வாள், மடியைத் தொட விடமாட்டாள். கன்று போனது ஒரு பக்கம், கடைக்குப் பாலும் இல்லாமல் போகும். "தோல் கன்னு செஞ்சி வெச்சா ஏமாந்து பால் வுடும். ஆனா யாரு செய்றது?" என்றார் ஏழுமலை. செத்த கன்றின் தோலை உரித்து, வைக்கோல் திணித்து, தாயின் முன்னால் நிறுத்துவது அந்தப் பக்கத்தில் வழக்கம்.

"அது எனக்குத் தெரியும்" என்றேன்.

ஏழுமலை என்னை ஏற இறங்கப் பார்த்தார். "தெரியுமா, இல்ல தெரியும்னு சொல்றியா சார்?"

அது நிஜமாகவே எனக்குத் தெரிந்த வேலை. மூன்று வருடப் படிப்பிலும் நான் உருப்படியாகக் கற்றது அது ஒன்றுதான். அறையிலிருந்து கத்தியையும் ஊசியையும் கொண்டுவந்து தோலை உரித்தேன். பாதியில், தோல் கெடாமல் இருக்க ஆய்வகத்தில் தடவும் சோப்பு ஒரு டப்பா பெட்டியில் இருந்தது நினைவுக்கு வந்தது. எடுத்து வந்து மூடியைத் திறந்தேன்.

"சார், சுந்தரி இத நக்கிகினே இருப்பா. ஒண்ணும் ஆவாதே?" என்றார் ஆமினாக்கா.

டப்பாவைத் திருப்பிப் பார்த்தேன். மண்டை ஓடும் எலும்பும் போட்டிருந்தது. சோப்பில் இருந்தது பாஷாணம். ஒரே நாளில் கன்றையும் தாயையும் சேர்த்து அனுப்பிய பெருமை எனக்கு மயிரிழையில் தவறியது. டப்பாவைக் கொண்டுபோய்ப் பெட்டியின் அடியில் பூட்டினேன். "எதைத் தடவுறதுன்னு எனக்குத் தெரியாதுக்கா, நீங்களே சொல்லுங்க" என்றேன். அந்தச் சொல் முதல்முதலாக அன்றைக்குத்தான் வெளியே வந்தது. நான்கு மணி நேரம் தாமதம். "உப்புத் தடவு, போதும்" என்றார் அவர். அதுவரை இருந்த "ங்க" அந்த வாக்கியத்தில் இல்லை.

உப்புத் தடவி, வைக்கோல் திணித்துத் தைத்தேன். காலுக்குக் குச்சி கொடுத்து நிறுத்தினேன். அலமாரியில் வைக்கும் பழக்கதோஷத்தில் ஒரு சீட்டில் ஆங்கிலத்தில் எழுதி, நூல் கோத்துக் கழுத்தில் கட்டியும் விட்டேன்.

"இன்னா எழுதிக்கீது?"

"பேருக்கா."

"பேரு வெக்கிற அளவுக்கு அது இருக்கலியே சார்" என்றார்.

சீட்டை அறுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டேன். கன்றைச் சுந்தரியின் முன்னால் நிறுத்தினோம். மோந்து பார்த்தாள். தலையிலிருந்து முதுகு வரைக்கும் நக்கினாள். திரும்பத் திரும்ப நக்கினாள். ஆமினாக்கா மடிக்குக் கீழே உட்கார்ந்தார். பால் இறங்கியது. பாய், "சார் ஜெயிச்சிட்டாரு!" என்று கை தட்டிக் கத்தினார். நான் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். என்னை நம்பி சைக்கிளைச் சுவரில் சாய்த்தவரும் அவர்தான், கை தட்டியவரும் அவர்தான். அந்த ஈற்றுப் பால் வற்றும் வரைக்கும் காலையும் மாலையும் ஜன்னல் வழியே அந்தக் கன்றைப் பார்த்துக்கொண்டு இருந்தேன்.

மும்தாஜ் ஒரு தடவை வந்திருந்தாள். வைக்கோல் கன்றைத் தடவிப் பார்த்துவிட்டு, "அச்சு அசலா கீதும்மா" என்றாள். நான் அன்று டீ குடிக்காமலேயே பஸ் ஏறிவிட்டேன். பெஞ்சில் வகுப்பு நடத்துவதும் நின்றுபோனது. ஏழுமலை சில நாள் கேட்டுப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார்.

சில வருடம் கழித்து, கல்யாணமான புதிதில் மனைவியைக் கரீம் பாய் வீட்டுக்கு அழைத்துப் போனேன். ஆமினாக்கா அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "எங்க சுந்தரிக்குக் கன்னு செஞ்சி குடுத்த சாரும்மா இவரு. இவரு இல்லாங்காட்டி அந்த வருசம் கடையே நடந்திருக்காது" என்றார். அந்த இரண்டு மணி நேரத்தை அவர் வாய் தவறிக்கூடச் சொல்லவில்லை. மறந்திருக்க மாட்டார். என் மனைவிக்குப் பெருமை தாங்கவில்லை. திரும்பும் பஸ்ஸில் அவளிடம் நானே முழுதையும் சொன்னேன். திருக்கழுக்குன்றம் தாண்டும் வரை அவள் ஜன்னல் பக்கமே திரும்பிக்கொண்டு வந்தாள். செங்கல்பட்டு வந்ததும் வெந்நீரை நினைத்துச் சிரிக்க ஆரம்பித்தாள்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் ஃபியூஸ் போனாலும், குழந்தைக்கு ஜுரம் வந்தாலும், நான் சட்டைக் கையை மடித்தால் போதும். "அப்பா பாக்க ஆரம்பிச்சிட்டாரு, ஓடு, யாரையாவது கூட்டிட்டு வா" என்பார்கள். உறவினர் வட்டாரம் முழுக்க இது பரவி, யார் வீட்டிலாவது நான் நுழைந்தால், அங்கே வெந்நீர் வைக்கவா என்று கேட்கும் அளவுக்குப் போய்விட்டது.

என் மகள் தலைப்பிரசவத்துக்கு வந்திருந்தாள். ஒரு நாள் மத்தியானம் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சுவரோரம் நின்றாள். வலி பொய்வலியா, நிஜவலியா என்று பெண்கள் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் நாற்காலியை விட்டு எழுந்தேன். "நீங்க வாயைத் திறக்காதீங்க" என்றாள் மனைவி. மகளுக்கு அந்த வலியிலும் சிரிப்பு வந்துவிட்டது. வீடே சிரிக்கும் சத்தம் எனக்குப் பின்னால் கேட்டது. நான் அதற்குள் செருப்புக்கூடப் போடாமல் தெருமுனைக்கு ஓடி, ஆட்டோவின் குறுக்கே கையை விரித்துக்கொண்டு நின்றிருந்தேன்.