இழுவை அடியை ஆரம்பித்தது யார்

"அந்த இழுவை அடியை ஆரம்பிச்சது எங்க வீட்டுக்காரர். நீ ரூஃபஸ் பேரை எழுதி வச்சிருக்கியாமே?"

வில்லெட்டா இப்படிக் கேட்டதும் லவீனியாவுக்குக் குடித்த சோடா புரை ஏறிவிட்டது.

சிகாகோவின் தென்பக்கத்தில் உள்ள அந்த கிளப்பில் ஞாயிறு மதியம் என்றால் தலை நரைத்தவர்களின் ஆட்டம். லவீனியா ஆராய்ச்சி மாணவி. முன்பின் தெரியாதவர்களைப் பாட்டு எப்படிச் சொந்தமாக்குகிறது என்பதுதான் அவள் ஆய்வு. முதல் நாள் வந்து, கூச்சத்தோடு ஓர் ஓரமாக ஆடியபோதே அதைக் கவனித்துவிட்டாள். ஒவ்வொரு நாலாவது தட்டுக்கும் மொத்தக் கூட்டமும் இடது காலை லேசாக இழுத்து வைத்தது. வேறெந்த கிளப்பிலும் அவள் பார்க்காத அடி அது. ஆய்வு முழுவதையும் அதன் மேலேயே கட்டிவிட்டாள்.

"ஆரம்பிச்சது யாருன்னு சொல்லு. சொல்ல முடியலன்னா இது தேறாதும்மா" என்று பேராசிரியை கையை விரித்துவிட்டார்.

பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற ரூஃபஸ், கேட்ட மாத்திரத்தில் "நான்தான்" என்றார். இப்போது வில்லெட்டா, செத்துப்போன கணவர் ஹார்லனைச் சாட்சிக்கு இழுக்கிறாள்.

"ரெண்டு பேர் பேரையும் போட்டுடறேங்க்கா" என்றாள் லவீனியா.

அது ரூஃபஸ் காதுக்குப் போனது. "ஹார்லனா? அந்த ஆளு ஆட்டத்துக்கு வந்தா நாற்காலிதானேம்மா தேயும்."

"என்ன சொன்னே? மறுபடி சொல்லு" என்று வில்லெட்டா கைப்பையைக் கீழே வைத்தாள். அவள் கைப்பையைக் கீழே வைத்தால் என்ன அர்த்தம் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும்.

அடுத்த வாரம் ரூஃபஸோடு தென்பக்கத்துக்காரர்கள் வலது சுவர் ஓரம், வில்லெட்டாவோடு மேற்குப்பக்கத்துக்காரர்கள் இடது சுவர் ஓரம். நடுவில் ஒரு லாரியே திரும்பலாம். பாட்டுப் போடும் கார்வின் யாரைப் பார்த்துப் போடுவது என்று தெரியாமல் கூரையைப் பார்த்துக்கொண்டு போட்டார்.

சண்டையைத் தீர்க்க லவீனியா ஒரு வழி கண்டுபிடித்தாள். கிளப்பின் பழைய வீடியோக்களைத் தேடி எடுத்து, சுவரில் படமாக ஓட்டினாள். ரூஃபஸ் ஆடினார். ஹார்லனும் ஆடினார், பாவம், நன்றாகவே ஆடினார். ஆனால் ஒருவர்கூடக் காலை இழுக்கவில்லை.

ரூஃபஸ் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டார்.

"நிறுத்தும்மா. பார்த்தது போதும்" என்றாள் வில்லெட்டா. அவள் குரலில் கோபம்கூட இல்லை.

லவீனியா மேடையேறி மன்னிப்புக் கேட்டாள். "நீங்க பொய் சொன்னீங்கன்னு நான் சொல்ல வரல" என்று ஆரம்பித்தாள். 'பொய்' என்ற அந்த வார்த்தை அதுவரை யார் வாயிலும் வராமல் இருந்தது. கூட்டம் கோட்டுகளை எடுத்துக்கொண்டு வரிசையாக வெளியேறியது. அதற்கடுத்த ஞாயிறு கார்வின் காலித் தரைக்குப் பாட்டுப் போட்டார்.

வருகிறவர்களின் கோட்டுகளை வாங்கி மாட்டிவைக்கும் இயூலா மட்டும் வெறும் கொக்கிகளுக்கு நடுவே உட்கார்ந்து கடலை உரித்துக்கொண்டிருந்தாள். லவீனியா அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

"ஆய்வு போனாப் போகட்டும் அத்தை. ஒண்ணா இருந்தவங்களை நான் பிரிச்சுட்டேனே. அவங்க எனக்கு என்ன கெடுதல் செஞ்சாங்க? ஆனா எதுக்கு ஆளுக்கொரு கதை சொன்னாங்க?"

இயூலா அவள் கையில் நாலு கடலையை வைத்தாள்.

"அப்போ ஆரம்பிச்சது யாருதான்?"

"நீதாண்டி கண்ணு. முத நாளு புது ஷூ கடிச்சு நொண்டி நொண்டி ஆடினே, புள்ள கூச்சப்படக் கூடாதேன்னு எல்லாரும் சேர்ந்து நொண்டினோம், அதைப் போய் நீ அவ்வளவு ஆசையா எழுதிக்கிட்டிருந்தியா, பேரு சொல்லலன்னா தேறாதுன்னு வேற வந்து நின்னியா, உண்மையைச் சொல்ல ஒருத்தருக்கும் மனசு வரல."