உங்கள் வாசலில் நிற்காமல் போன வண்டி

ஆரணி,
வியாழக்கிழமை.

தெள்ளாரில் வசிக்கும் மதிப்பும் மரியாதையும் மிக்க திரு. பரசுராமன் அவர்களின் சமூகத்துக்கு, ஆரணி பட்டுப்புடவைக் கடை இராஜமாணிக்கம் கைகூப்பி எழுதிக்கொள்வது. சம்பந்தி என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன். அந்த உரிமை இன்னும் எனக்கு இருக்கிறதா என்று தெரியாததால் பெயரைப் போட்டு எழுதுகிறேன், தவறாக நினைக்க வேண்டாம். தாங்களும், வீட்டில் அம்மாவும், மாப்பிள்ளை அஜித்குமாரும் (இந்த ஒரு வார்த்தையை மட்டும் விட எனக்கு மனம் வரவில்லை), தங்கள் அக்கா சுபத்ரா அம்மாளும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும். இங்கே நானும் என் மனைவி மணிமேகலையும் பெண் சத்யப்ரியாவும் சுகம் என்று எழுதுவது முறை. முறைக்காக எழுதிவிட்டேன்.

இந்தக் காலத்தில் கடிதமா என்று கேட்பீர்கள். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து நீங்கள் போன் எடுக்கவில்லை. வாட்ஸ்அப்பில் நான் அனுப்பிய விளக்கம் அத்தனைக்கும் நீலக் கோடு விழுந்ததே தவிர ஒரு பதிலும் விழவில்லை. கடிதத்தையாவது கையில் வாங்கினால் பிரித்துத்தானே ஆக வேண்டும். நிச்சயதார்த்தத்துக்கு வந்த எங்கள் கார், ஆரத்தித் தட்டோடு நீங்கள் எல்லாரும் காத்திருந்த வாசலைத் தாண்டி, உள்ளேயிருந்து நாங்கள் கும்பிட்ட கையோடு தெருக்கோடிக் களத்துக்குப் போய், யாரோ காயவைத்திருந்த நெல்லுக்குள் புகுந்து நின்றதை நான் மறுக்கவில்லை. நெல்லுக்குச் சொந்தக்காரர் எங்களைச் சட்டையைப் பிடிக்காத குறையாக நிறுத்திவைத்தார். அவரைச் சமாதானம் செய்துவிட்டு, தட்டுகளைத் தலையில் தூக்கிக்கொண்டு வெயிலில் நடந்து உங்கள் வீட்டுக்கு வந்து சேர்வதற்குள் ராகு காலம் பிறந்துவிட்டது. தட்டு மாற்ற முடியவில்லை. அப்போது வாசற்படியில் உங்கள் அக்கா, "நம்ம வாசல்ல நிக்காத வண்டியில வந்த பொண்ணு, நம்ம வூட்ல மட்டும் நின்னுடுமா?" என்று மெதுவாகத்தான் சொன்னார். எனக்குக் கேட்டுவிட்டது. என் பெண்ணுக்கும் கேட்டுவிட்டது. நீங்கள் காபி கொடுத்து, "ஆடி கழியட்டும், பாக்கலாம்" என்றீர்கள். ஐயா, பட்டுக்கடையில் உட்கார்ந்தே தலை நரைத்தவன் நான். நாற்பது புடவையைப் பிரித்துப்போடச் சொல்லிவிட்டு ஒன்றும் வாங்காமல் எழுந்திருப்பவர்கள் சொல்லிவிட்டுப் போகும் சொல் அந்தப் 'பாக்கலாம்'. அன்றிலிருந்து எனக்குப் பயமாக இருக்கிறது. சத்யப்ரியா சரியாகச் சாப்பிடுவதில்லை. சகுனம் சரியில்லை என்று நீங்கள் முடிவு கட்டுவதற்கு முன்னால், அது சகுனமே இல்லை, பிரேக் டிஸ்க் என்பதை நான் சொல்லியாக வேண்டும்.

டிஸ்க் என்பது காரின் முன்சக்கரத்துக்குள்ளே சுற்றும் இரும்புத் தட்டு. பிரேக்கை மிதித்தால் இரண்டு பக்கமும் கட்டை வந்து அதை இறுக்கிப் பிடிக்கும், வண்டி நிற்கும். நிச்சயத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது எங்கள் வண்டியில் பிரேக் போட்டால் ஸ்டியரிங் கைகால் உதறுவதுபோல் உதற ஆரம்பித்தது. மெக்கானிக் அருள்தாஸ் சக்கரத்தைக் கழற்றி உள்ளே விரலை விட்டுத் தடவிப் பார்த்து, "டிஸ்கு தேஞ்சி ஓரத்துல வரப்பு கட்டிகிச்சி சார். லேத்துல குடுத்து சீவவும் சதை இல்ல. ரெண்டு பக்கமும் புதுசு மாத்திடுங்க, கட்டையும் சேத்து. பொண்ண வெச்சிகினு போற வண்டி, பேஜார் ஆயிடப்போவுது" என்றார். நானும் சரி என்று ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்குப் போனேன். அங்கே கடைக்காரர் மூன்று தினுசு எடுத்து வைத்தார். ஒன்று வழவழவென்று சாதா. ஒன்று நடுவில் கறுப்பு வர்ணம் பூசியது. ஒன்று முகமெல்லாம் ஓட்டை போட்டு, ஓட்டைக்கு நடுவே கோடு இழுத்தது. எது வேண்டும் என்று கேட்டால் எனக்கு என்ன தெரியும்? எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. புடவையைக் கடை விளக்கில் பார்த்து யாரும் முடிவு செய்வதில்லை. நாலு புடவையை வீட்டுக்கு எடுத்துப்போய், பகல் வெளிச்சத்தில் பிரித்து, எல்லாருக்கும் காட்டி, பிடித்ததை வைத்துக்கொண்டு மிச்சத்தைத் திருப்பிக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அந்தக் கடைக்காரர் சம்சாரமும் என் கடையில் அப்படி எடுத்துப்போனவர்தான். ஆகவே, "வீட்ல காட்டிட்டு வரேன்" என்று மூன்று ஜோடியையும் வாங்கிக்கொண்டேன். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார், சொல்லவில்லை. அன்றைக்கே அவர் வாயைத் திறந்து முடியாது என்றிருந்தால் எனக்கு இன்றைக்கு இந்தக் கடிதம் எழுதும் வேலை இருந்திருக்காது. முதல் குற்றவாளி அவர்.

கூடத்தில் வெள்ளைத் துணி விரித்து ஆறு தட்டையும் வரிசையாக வைத்தேன். என் மனைவி வந்தாள், எதிர்வீட்டு சங்கீதா வந்தாள், அவள் போன் செய்து இன்னும் இரண்டு பேர் வந்தார்கள். தூக்கிப் பார்த்தார்கள், எடை போட்டார்கள், ஜன்னலோரம் கொண்டுபோய்த் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். கறுப்பு பூசியதைக் கட்டைவிரலால் தேய்த்து, சாயம் போகுமா என்று என் மனைவி கேட்டாள். சாதாவைப் பார்த்து, வெறும் முந்தியாட்டம் இருக்கிறது என்று ஒதுக்கினார்கள். ஓட்டை போட்டதைப் பார்த்ததும் சங்கீதா, "ஐயோ, புட்டா போட்ட மாதிரி இருக்குதுக்கா, இதையே எடுங்க" என்றாள். சத்யப்ரியா மட்டும் தலையில் கையை வைத்துக்கொண்டு, "அம்மா, இது சக்கரத்துக்குள்ள போயிடும். யாரு கண்ணுக்கும் தெரியாது" என்றாள். "உள்ள போனா என்னா? உள்பாவாடைய கூட நல்லதாத்தான் பாத்து எடுக்கிறோம்" என்று என் மனைவி அவள் வாயை அடைத்துவிட்டாள். அதோடு விடாமல், புதுச் சாமான் என்று ஓட்டைத் தட்டு இரண்டுக்கும் மஞ்சள் குங்குமம் வைத்தாள். பார்த்தால் சாதாத் தட்டுக்கும் வைத்திருக்கிறாள். ஒன்றுக்கு வைத்து ஒன்றுக்கு வைக்காவிட்டால் மனசு கேட்காதாம்.

இத்தனையும் முடித்து மூன்று ஜோடியையும் அருள்தாஸிடம் கொண்டுபோனால், அவர் ஓட்டைத் தட்டைக் கையில் வாங்கவே இல்லை. "சார், இது உங்க வண்டிக்குச் சேராது. அளவே பெருசு. ரேஸ் ஓட்றவன் போடறது இது. உங்களுக்கு சாதாவே தங்கமா இருக்கும்" என்றார். வீட்டில் இவ்வளவு பேர் பார்த்து எடுத்ததை இவர் ஒருவர் வேண்டாம் என்கிறாரே என்று எனக்குக் கோபம். ஆனாலும் அடங்கிப்போனேன், நிச்சயத்துக்கு நடுவில் ஒரு நாள்தான் பாக்கி. சாதாத் தட்டை எடுத்து வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தவர் முகம் மாறிவிட்டது. "எத்தினி பேரு சார் இதத் தொட்டீங்க? எண்ணெய்க் கை, குங்குமம், மஞ்சள். பிரேக் புடிக்கிற எடம் சார் இது" என்று பெட்ரோலை ஊற்றித் துடைத்தார். துடைத்தார் என்றுதான் நான் நம்பினேன். இப்போது நினைத்தால் சரியாகத் துடைத்தாரா என்று சந்தேகமாக இருக்கிறது. குங்குமம் இரண்டாம் குற்றவாளி, அருள்தாஸின் பெட்ரோல் மூன்றாம் குற்றவாளி.

மாட்டி முடித்துவிட்டு அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "டிஸ்கும் புதுசு, கட்டையும் புதுசு. ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு பதியணும். மொதல்ல கொஞ்ச தூரத்துக்குத் திடீர்னு போட்டு அமுக்காதீங்க. பதமா, வுட்டு வுட்டு மிதிச்சிகினு போங்க." இதை எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. முகூர்த்தப் பட்டை முகூர்த்தத்துக்கு முன்னால் யாராவது உடுத்திக் கசக்குவார்களா? மடிப்புக் கலையாமல் கொண்டுபோய் மணமேடையில்தான் பிரிக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை வண்டி ஓட்டியது என் மச்சான் பொன்னுசாமி, நெல் லாரி ஓட்டிப் பழகின கை. நான் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டேன். ஆரணியில் கிளம்பியதிலிருந்து என் கண் ரோட்டில் இல்லை, அவருடைய காலில்தான் இருந்தது. ஒரு ஆடு குறுக்கே வந்தது, கியரைக் குறைத்துச் சமாளித்தார். வந்தவாசியில் பஸ் குறுக்கே திரும்பியது, ஹேண்ட்பிரேக்கை இழுத்துச் சமாளித்தார். பின்னால் என் மனைவி சாமி பெயர் ஒன்று விடாமல் சொல்லிக்கொண்டு வந்தாள். சத்யப்ரியா, "அப்பா, பிரேக்கு எதுக்குப்பா இருக்குது?" என்று ஒருமுறை கேட்டாள். பெரியவர்கள் பேசும்போது பேசாதே என்றேன். யாரும் பேசிக்கொண்டிருக்கவில்லை, இருந்தாலும் சொன்னேன். இப்படிக் கண்ணில் வைத்துக் காப்பாற்றிக் கொண்டுவந்த டிஸ்க், உங்கள் வாசலில், ஆரத்தித் தட்டில் கற்பூரம் எரிந்துகொண்டிருக்கும்போது, கைவிட்டுவிட்டது. உங்கள் முகம் கண்ணாடிக்கு வெளியே நகர்ந்து போனதை நான் பார்த்தேன்.

இதில் என் பெண் செய்த தப்பு என்ன சொல்லுங்கள். சாமான் தப்பு, சாமான் விற்றவர் தப்பு, மாட்டினவர் தப்பு, குங்குமம் வைத்தவள் தப்பு. அவள் பின் சீட்டில் பூ வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், அவ்வளவுதான். பிடிக்காத டிஸ்குக்காகப் பிடித்த சம்பந்தத்தை விடலாமா? வண்டி நெல்லில் போய் நின்றதை உங்கள் அக்கா அபசகுனம் என்கிறார். லட்சுமியிலே போய் நின்றது என்று ஏன் எடுத்துக்கொள்ளக் கூடாது? என்னை நீங்கள் என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளுங்கள். அந்தப் 'பாக்கலாம்' மட்டும் வேண்டாம். ஆடி கழிந்து ஆவணியில் ஒரு நாள் குறித்து அனுப்புங்கள். இந்த முறை பஸ்ஸில் வருகிறோம்.

வீட்டில் பெரியவர்களுக்கு எங்கள் வணக்கத்தையும், சிறியவர்களுக்கு ஆசியையும், சுபத்ரா அம்மாளுக்கு மட்டும் வணக்கத்தை இரண்டு தடவையும் சொல்லவும். உங்கள் வீட்டு விளக்கு எப்போதும் எரிய வேண்டும், அதற்கு எண்ணெய் ஊற்ற என் பெண் வர வேண்டும் என்ற வேண்டுதலோடு முடிக்கிறேன்.

இப்படிக்கு,
பதிலை எதிர்பார்த்துத் தபால்காரரைத் தினமும் தொந்தரவு செய்யப்போகும்
இராஜமாணிக்கம்

பின்குறிப்பு: மேலே எழுதியதை உறையில் போட்டு ஒட்டுவதற்குப் பசை தேடிக்கொண்டிருந்தபோது வாசலில் பைக் சத்தம். பார்த்தால் உங்கள் மகன். ஒரகடம் கம்பெனியில் லீவு போட்டுவிட்டு, "வண்டிய ஒருவாட்டி பாத்துட்டுப் போறேன் மாமா" என்று வந்திருக்கிறார். காரை எடுத்துக்கொண்டுபோய் தேவிகாபுரம் ரோட்டில் ஓட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து, "பிரேக்கு நல்லா புடிக்குதே மாமா" என்றார். பிறகு பொன்னுசாமியைக் கூப்பிட்டு, "அன்னைக்கி எங்க வூட்டாண்ட மிதிச்சப்ப பெடல் உள்ள போச்சா, இல்ல கல்லாட்டம் இருந்துச்சா?" என்று கேட்டார். பொன்னுசாமி, "மிதிச்சாத்தானே தெரியும்" என்றார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். பொன்னுசாமி அதோடு விடவில்லை. "உங்க தெரு திரும்பும்போதே கேட்டேன், மிதிக்கட்டுமா மாமான்னு. வாசல்ல வந்து மறுபடியும் கேட்டேன். இவருதான் என் தொடையப் புடிச்சிகினு, பொறு பொறு, புதுசு, ரொம்பத் தேவைன்னா மட்டும் மிதின்னாரு. எது தேவைன்னு எனக்கு இன்னா தெரியும்? அதுக்குள்ள நெல்லு வந்துடுச்சி." ஆகவே மேலே நான் குற்றவாளி என்று எழுதிய எல்லாரையும் விட்டுவிடுங்கள். கடைக்காரர் நல்லவர், அருள்தாஸ் நன்றாகத்தான் துடைத்திருக்கிறார், குங்குமம் ஒன்றும் செய்யவில்லை.

இன்னொரு பின்குறிப்பு: எழுத்து கோணலாக இருந்தால் மன்னிக்கவும், மடியில் வைத்து எழுதுகிறேன். மாப்பிள்ளையும் சத்யப்ரியாவும் தனியாகப் போய் என்னவோ பேசிவிட்டு வந்து, எல்லாரும் வண்டியில் ஏறுங்கள் என்றார்கள். ஓட்டினது சத்யப்ரியா. என்னைப் பின் சீட்டில் போட்டுவிட்டார்கள். ஆரணியிலிருந்து ஒவ்வொரு வேகத்தடைக்கும், ஒவ்வொரு ஆட்டுக்கும், ஆடே இல்லாத இடத்திலும் பிரேக் போட்டுப் போட்டு வந்தாள், நான் என் தொடையையே பிடித்துக்கொண்டு வந்தேன். இந்தக் கடிதத்தை உள்ளே கொண்டுவந்து உங்கள் கையில் கொடுப்பவர் உங்கள் மகன்தான். ஜன்னலைத் திறந்து பாருங்கள். உங்கள் வாசலில், கோலத்தின் மேல் ஏறாமல், நேராக உங்கள் படிக்கு எதிரே வண்டி நிற்கிறது. உங்கள் அக்காவையும் கூட்டிவந்து காட்டுங்கள். ஆவணி வரைக்கும் என்னால் தாங்க முடியாது. என்ஜினை அணைத்துவிட்டோம். நீங்கள் வந்து கூப்பிட்டால் இறங்குகிறோம்.